யாரைப் பார்த்துப் பேசப் பழகுகிறீர்கள், தம்பி?

ஜப்பானிய மொழித் தேர்வில் என்-3 நிலை தேறியும் அலுவலகத்தில் வாயைத் திறந்தால் "மோ இச்சிதோ" என்று திரும்பச் சொல்லச் சொல்கிறார்கள், ஜப்பானியர் பேசுவதைக் கேட்டுக் கூடவே சொல்லிப் பழகும் ஷாடோயிங் உதவுமா என்று கேட்டிருக்கிறீர்கள். நிச்சயம் உதவும். அந்தத் தேர்வில் பேச்சுப் பகுதியே கிடையாது, அதனால் மனம் தளராதீர்கள். எந்தச் செயலி, எத்தனை மாதம் என்பதெல்லாம் பெரிய விஷயமில்லை.

யாரைப் பார்த்துப் பழகுகிறீர்கள், அதைத்தான் கவனிக்க வேண்டும். ஜப்பானுக்கு வந்த புதிதில் எங்கள் பூச்சோ, அதாவது துறைத் தலைவர், பேசுவது எனக்கு அவ்வளவு பிடிக்கும். மாலையில் எங்களைப் பார்த்து "கொகுரோசமா" என்பார், உழைப்புக்கு நன்றி என்கிற மாதிரி. அதே இழுப்போடு வீட்டில் சொல்லிச் சொல்லிப் பழகி, ஒருநாள் அவரிடமே சொல்லிவிட்டேன். பக்கத்து மேசைக்காரரின் விரல் விசைப்பலகையில் அப்படியே நின்றுவிட்டது. மேலதிகாரி கீழே இருப்பவரிடம் சொல்லும் வார்த்தை அது. நாம் "ஒட்சுகரேசமா தேஸ்" என்றுதான் சொல்ல வேண்டும். தட்டுத்தடுமாறிச் சொல்லியிருந்தால் புதியவன் என்று விட்டிருப்பார்கள். உச்சரிப்பு சுத்தமாக இருந்ததுதான் வினை. அனிமே பார்த்து "ஒரே", "ஒமாஎ" என்று முரட்டுத்தனமான "நான்", "நீ" போட்டுப் பேசும் பையன்களிடமும் இதையே சொல்கிறேன், காதில் வாங்குவதில்லை. உங்கள் வயதில், உங்கள் நிலையில் இருப்பவர் வாடிக்கையாளரிடம் எப்படிப் பேசுகிறார் என்று பாருங்கள். அவரைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

குறில் நெடில் நமக்குக் கைவந்தது. ஒபசான் அத்தை, ஒபாசான் பாட்டி; படு, பாடு மாதிரிதான். சறுக்குவது ஒற்றில். நமக்கு அது அரை மாத்திரை, அவர்களுக்கு முழு மாத்திரை. ஆயிரம் யென் என்பது செ-ன்-எ-ன், நாலு தட்டு. நாம் "செனென்" என்று இரண்டிலேயே முடித்துவிடுகிறோம். மேசையில் விரலால் தட்டிக்கொண்டே சொல்லுங்கள். தமிழில் எழுதிவைத்துப் படிக்கவே வேண்டாம். பெர்சிமன் பழம் kaki, சாவி kagi; இரண்டும் தமிழில் ஒரே "ககி"தான், நடுவில் வரும் க நம் வாயில் தானாகவே குழைந்துவிடும்.

இந்தியர்கள் நிறைய வாழும் டோக்கியோவின் நிஷிகசாயில் நம்மவர்களோடே இருந்து, மொழி தேவையே இல்லை என்று சொல்லும் நண்பர்கள் எனக்கு உண்டு. பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் மருத்துவமனைக்குத் துணைக்கு என்னைத்தான் கூப்பிடுகிறார்கள். போகத்தான் செய்கிறேன், ஆனால் வருத்தமாக இருக்கும்.

ஷாடோயிங் என்ற பெயரே தெரியாத நாளில் நான் பழகியது அந்த நிஷிகசாய் ரயில் நிலைய நடைமேடையில்தான். தோசாய் தட மெட்ரோ வண்டி வருமுன் "மமொனகு" (சற்று நேரத்தில்) என்று தொடங்கி "மைரிமாசு" (வருகிறது) என்று அறிவிப்பு முடியும். முகக்கவசத்துக்குள் கூடவே முணுமுணுப்பேன். ஒரு குளிர்காலக் காலையில் கவசம் இல்லை. பக்கத்தில் நின்ற பாட்டிக்குக் கேட்டுவிட்டது. நான் "மைரிமாசு" என்று அழுத்தி முடித்ததும், அவர் உதட்டைக் குவித்து, கடைசி "சு"வுக்கு வெறும் காற்றை மட்டும் ஊதிக் காட்டினார். குளிரில் அந்த மூச்சு வெள்ளையாகத் தெரிந்தது.