கிறிஸ்டி ரிங்: ஆட்டக்காரரும் கழகத்து மனிதரும் (கேள்வி பதில்)

கேள்வி: கிறிஸ்டி ரிங் ஆடிய ஹர்லிங் என்பது ஹாக்கியின் ஒரு வகையா?

பதில்: ஹாக்கியை மறந்துவிட்டுத் தொடங்குவதே நல்லது. அணிக்கு 15 பேர் ஆடும் அயர்லாந்தின் பழைய ஆட்டம் இது. ஆஷ் மரத்தின் அடியில், தண்டு வேரோடு வளைந்து சேரும் இடத்தை அறுத்து மட்டை செய்வார்கள். தக்கையை உள்ளே வைத்துத் தோலால் தைத்தது பந்து. அதைத் தரையில் அடிக்கலாம், அந்தரத்திலேயே அடிக்கலாம், கையால் பிடிக்கலாம், மட்டையின் அகன்ற நுனியில் நிறுத்தியபடி ஓடவும் செய்யலாம். குறுக்குச் சட்டத்துக்குக் கீழே வலைக்குள் அடித்தால் 3 புள்ளிகள், மேலே அனுப்பினால் 1. ஆகவே 2-14 என்று எழுதினால் 20 புள்ளிகள் என்று பொருள்.

கேள்வி: கிறிஸ்டி ரிங்கைத் தலைசிறந்தவர் என்று பலரும் சொல்வதற்கு ஆதாரம் என்ன?

பதில்: 1920இல் கார்க் மாவட்டத்தின் கிளாய்ன் ஊரில் பிறந்தவர். 1941 முதல் 1944 வரை தொடர்ந்து நான்கு, பிறகு 1946, 1952, 1953, 1954 என, மாவட்ட அணிகள் மோதும் அகில அயர்லாந்துப் பட்டத்தைக் கார்க் அணிக்காக எட்டு முறை வென்றார், அவற்றில் மூன்று முறை அணித்தலைவர். மாகாணங்களுக்கிடையேயான ரயில்வே கோப்பையைத் தன் மாகாணமான மன்ஸ்டர் அணிக்காக 18 முறை வென்றார். கணக்கைவிட எனக்குப் பெரிதாகத் தோன்றுவது 1946 இறுதியாட்டம்: நடுக்களத்திலிருந்து பந்தை மட்டை நுனியில் ஏந்திக்கொண்டு, எதிரணியான கில்கென்னியின் தடுப்பாட்டக்காரர்களை ஒருவர் பின் ஒருவராகக் கடந்து போய் வலைக்குள் அடித்தார்.

கேள்வி: ஒன்பதாவது பதக்கம் ஏன் கிடைக்கவில்லை?

பதில்: 1956இல் கையருகே வந்தது. கார்க்கில் போலியோ பரவியிருந்ததால் இறுதியாட்டம் செப்டம்பர் 23 வரை தள்ளிப்போயிற்று, எதிரணி வெக்ஸ்ஃபோர்டு. ஆட்டம் முடியும் தறுவாயில் ரிங் வலையை நோக்கி அடித்த பந்தை வலைக்காவலர் ஆர்ட் ஃபோலி தடுத்து வெளியே அனுப்ப, சற்று நேரத்தில் மறுமுனையில் நிக்கி ராக்கார்டு வலைக்குள் அடித்துவிட்டார். முடிவு 2-14க்கு 2-8. வென்ற அணியின் நிக் ஓ'டானலும் பாபி ராக்கார்டும், தோற்ற ரிங்கைத் தோளில் தூக்கிக்கொண்டு களத்தைவிட்டு வெளியேறினார்கள். ரிங்குக்கு அப்போது 35 வயது.

கேள்வி: இத்தனை புகழுக்குப் பிறகு வசதியாக வாழ்ந்திருப்பாரே?

பதில்: இல்லை. ஹர்லிங்கை நடத்தும் கேலிக் தடகளச் சங்கத்தின் ஆட்டங்களில் ஆடுபவருக்குச் சம்பளம் கிடையாது, இன்றும் அப்படித்தான். பதினான்கு வயதிலேயே பள்ளியைவிட்ட ரிங், பின்னாளில் எண்ணெய் லாரி ஓட்டிப் பிழைத்தார். 80,000 பேர் கூடிய அரங்கில் ஞாயிற்றுக்கிழமை ஆடியவர், மறுநாள் எண்ணெய் கொண்டுவந்து இறக்குவார் என்பதை வாடிக்கையாளர்கள் வியப்பாகக் கருதவில்லை.

கேள்வி: கிளாய்ன்காரர் என்கிறீர்கள், அவர் பெயரோடு கிளென் ரோவர்ஸ் ஏன் சேர்ந்துவருகிறது?

பதில்: ஐரிஷ் ஆட்டத்தின் வேர் கழகத்தில்தான் இருக்கிறது. கார்க் நகரின் வடபுறம், பிளாக்பூல் பகுதியில் 1916இல் தொடங்கப்பட்ட கழகம் கிளென் ரோவர்ஸ். 1941இல் அங்கே சேர்ந்த ரிங், 1967க்குள் கார்க் மாவட்டக் கழகங்களுக்கிடையேயான பட்டத்தை 14 முறை வென்றார். பின்னாளில் அயர்லாந்தின் பிரதமரான ஜாக் லிஞ்சும் அதே கழகத்துக்காரர். பிரதமராகப் போகிறவரும் லாரி ஓட்டுநரும் ஒரே நிறச் சட்டையில் ஆடினார்கள். என்னைக் கேட்டால், இந்தச் சமத்துவத்தைப் பார்க்காமல் பதக்கங்களை மட்டும் எண்ணுவோர் ரிங்கைப் பாதிதான் அறிந்தவர்கள்.

கேள்வி: ஓய்வுக்குப் பிறகு பயிற்றுநரானாரா?

பதில்: இங்கே ஒரு குழப்பத்தைத் தீர்க்க வேண்டும். அக்காலத்தில் பயிற்றுநர் என்பவர் ஓடவைத்து, உடலைத் தேய்த்துவிட்டு, அணியைத் தயார்நிலையில் வைத்திருப்பவர்; யார் ஆடுவது, யாரை வெளியே எடுப்பது என்று முடிவு செய்வது தேர்வாளர் குழு. கார்க்கின் புகழ்பெற்ற பயிற்றுநர் ஜிம் பேரி, தொழிலால் தையல்காரர். ரிங் வகித்தது தேர்வாளர் பொறுப்பு. அவர் குழுவில் இருந்த 1976, 1977, 1978 ஆகிய மூன்று ஆண்டுகளும் கார்க் அகில அயர்லாந்துப் பட்டம் வென்றது.

கேள்வி: அவருடைய முடிவு எப்படி?

பதில்: மூன்றாவது வெற்றிக்கு ஆறு மாதம் கழித்து, 1979 மார்ச் 2 அன்று, கார்க் நகரில் தெருவில் நடந்துபோகும்போதே மாரடைப்பால் விழுந்து இறந்தார், வயது 58. கிளாய்னில் கல்லறையருகே இரங்கலுரை ஆற்றியவர், அப்போது பிரதமராக இருந்த ஜாக் லிஞ்ச்.

கேள்வி: அவர் பெயரில் அரங்கம் உண்டா?

பதில்: கார்க்கில் உள்ள பார்க் ஈ ரின் (ஐரிஷில் 'ரிங்கின் மைதானம்') அவர் பெயரைத் தாங்கியது. அதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. 1971 வரை சங்க உறுப்பினர்கள் கால்பந்து போன்ற 'அயல் ஆட்டங்களை' ஆடுவதும் பார்ப்பதும் தடைசெய்யப்பட்டிருந்தன. பார்க் ஈ ரின்னோ, சங்கம் பின்னாளில் விலைக்கு வாங்கிய பழைய கால்பந்து மைதானம்.