கேளுங்கள், அளந்து சொல்கிறேன்

சிங்கப்பூரில் முப்பத்தெட்டு வருடம் கட்டட வரைபடம் வரைந்து ஓய்வு பெற்றவன் நான். "அளக்கிறான்" என்று என்னைச் சொன்னால் இரண்டு அர்த்தத்திலும் பொருந்தும். இந்த வாரம் வந்த கேள்விகளில் பாதி, இடம் பற்றியவை.

கேள்வி: ஈசூனில் எண்பதுகளில் கட்டிய நாலறை வீட்டிலிருந்து செங்காங்கில் புது நாலறை வீட்டுக்கு மாறினோம். மாமியார் தினமும் "மூச்சு முட்டுது" என்கிறார். அதே நாலறைதானே, பிரமையா?
– செங்காங் வாசகி

பிரமை இல்லை. எண்பதுகளின் நாலறை வீடுகளில் நிறைய, 105 சதுர மீட்டர் வரை இருந்தன. இப்போது கட்டுவது சுமார் 90. ஒரு படுக்கையறையே காணாமல் போன மாதிரி. உங்கள் மாமியாரின் நுரையீரல் என் டேப்பைவிடச் சரியாக அளந்திருக்கிறது.

ஆனால் அந்த 15 சதுர மீட்டர் மட்டும் காரணம் என்று எனக்குத் தோன்றவில்லை. பழைய புளோக்கில் நீளத் தாழ்வாரம் உங்கள் வாசலைத் தாண்டிப் போயிருக்கும். பகலெல்லாம் கதவு திறந்து, இரும்புக் கேட் மட்டும் சாத்தியிருக்கும். பக்கத்து வீட்டுச் சம்பல் வாசம், பள்ளி விட்டு ஓடிவரும் பிள்ளைகளின் சப்பாத்துச் சத்தம், யாரோ ஒரு மக்சிக் (மலாய்ப் பெரியம்மா) பேரனை அதட்டுவது, எல்லாம் அவருடைய ஹாலோடு சேர்த்தி. காது எட்டும் தூரம் வரை வீடு இருந்தது. இப்போது கதவைச் சாத்தி ஏர்கானைப் போட்டதும் சுவரோடு முடிந்துவிடுகிறது.

நானே இதில் சூடு பட்டவன். வீட்டுக் கூரை 2.6 மீட்டர் உயரம். அழகாக இருக்கும் என்று ஃபால்ஸ் சீலிங் போட்டு 2.35க்கு இறக்கினேன். தொழில் தெரிந்தவன் என்ற திமிர். மனைவி ஒரு வார்த்தை சொல்லவில்லை. மறுவாரத்திலிருந்து தட்டைத் தூக்கிக்கொண்டு சமையலறை ஜன்னலோரம் போய் நின்றபடி சாப்பிட்டாள். ஏழு மாதத்தில் பிரித்துப் போட்டேன். 2007இல் வெளிவந்த ஓர் ஆய்வில் 8 அடி, 10 அடி உயர அறைகளை ஒப்பிட்டிருந்தார்கள். உயரமான கூரையின் கீழ் எண்ணம் விரிந்து ஓடியதாம், தாழ்ந்த கூரையின் கீழ் சின்னச் சின்ன விவரங்களில் ஊன்றியதாம். வருமான வரிக் கணக்குப் பார்க்க என் பழைய சீலிங் உதவியிருக்கும்.

மாமியாரின் நாற்காலியை வாசலும் ஜன்னலும் ஒருசேரத் தெரிகிற இடத்தில் போடுங்கள். சாயங்காலம் கதவைத் திறந்து வையுங்கள். கேட் இருக்கிறதே, பயமில்லை.

கேள்வி: லிட்டில் இந்தியா ஸ்டேஷனிலிருந்து பெருமாள் கோயில் வரை நடந்தால் தூரமே தெரிவதில்லை. பொங்கோலில் என் வீட்டிலிருந்து எம்ஆர்டி ரயில் நிலையம் அதில் பாதிதான், ஆனால் கால் கெஞ்சுகிறது. வயதாகிவிட்டதா?
– பொங்கோல் வாசகர்

வயது இல்லை ஐயா, கதவு. டென்மார்க்கின் கட்டடக் கலைஞர் யான் கேல், நடப்பவர்களைப் பின்தொடர்ந்து பார்ப்பதையே வாழ்நாள் வேலையாக வைத்திருந்தவர். 100 மீட்டருக்கு 15 முதல் 20 கதவுகள் இருந்தால் தெரு உயிரோடு இருக்கும் என்பது அவர் கணக்கு. மணிக்கு 5 கிலோமீட்டர் வேகத்தில் நடந்தால் நாலைந்து விநாடிக்கு ஒரு புதுக் காட்சி. நீங்கள் நடக்கும் சிராங்கூன் ரோட்டுக் கடைவீடுகளின் முகப்பு குறுகலானது. பூக்கடை, நகைக்கடை, பாத்திரக்கடை, மறுபடியும் பூக்கடை. அலுக்க நேரம் ஏது? தலைக்கு மேல் நிழல் வேறு. கடைகளுக்கு முன்னால் கூரையுள்ள நடைவழி விட வேண்டும் என்று 1822லேயே ராஃபிள்ஸின் நகரத் திட்டத்தில் எழுதிவிட்டார்கள். அதைத்தான் நம் ஆட்கள் அஞ்சடி என்றார்கள்.

உங்கள் பக்கம் என்ன இருக்கிறது? பல மாடிக் கார் நிறுத்துமிடத்தின் ஒரே சுவர், அப்புறம் ஒரு வேலி, அப்புறம் இன்னொரு சுவர். கண்ணுக்கு வேலை இல்லாவிட்டால் கால் பேச ஆரம்பிக்கும். திருப்பங்கள் கூடினாலும் அதே தூரம் நீளமாகத் தோன்றும். கூரையிட்ட இணைப்புப் பாதைகள் சில, கோலம் போட்ட மாதிரி வளைவதைப் பார்த்திருப்பீர்களே.

ஆனால் அதே சிராங்கூன் ரோடு எனக்கு ஒருமுறை முடியாமல் நீண்டது. தைப்பூசத்துக்குப் பால்குடம் எடுத்த வருடம். பெருமாள் கோயிலிலிருந்து டேங்க் ரோடு முருகன் கோயில் சுமார் 3 கிலோமீட்டர். எல்லோரும் விடியுமுன் கிளம்பிவிட, நான் சோம்பி வெயில் ஏறியபின் போனேன். தலையில் குடம் இருந்தால் கடையாவது கதவாவது. வழி முழுக்கப் பாதத்தில்தான். வெள்ளைக் கோட்டில் சூடு கொஞ்சம் குறைவு, பாதாளச் சாக்கடையின் இரும்பு மூடியை மிதித்தால் போச்சு. எந்த மரத்து நிழல் எத்தனை அடி என்று என் உள்ளங்காலைக் கேட்டால் இன்றும் சொல்லும். எத்தனையோ வரைபடத்தில் அந்த ரோட்டைப் பார்த்தவன், அன்றுதான் அதைப் பார்த்தேன்.

கேள்வி: மின்தூக்கியில் ஏறியதும் எல்லோரும் ஏன் மாடி எண்ணையே பார்க்கிறோம்?
– பிடோக் மாணவி

அமெரிக்க மானுடவியலாளர் எட்வர்ட் ஹால், அறுபதுகளில் மனிதர்களுக்கு இடையிலான தூரத்தைப் பிரித்துக் காட்டினார். 45 சென்டிமீட்டருக்குள் வர நெருங்கியவர்களுக்குத்தான் அனுமதி. மின்தூக்கியில் அது முடியாது. உடம்பைத் தள்ளி வைக்க முடியாததால் கண்ணைத் தள்ளி வைக்கிறோம். இப்போது கைப்பேசி வந்துவிட்டது, பாவம் அந்த எண்ணை யார் பார்க்கிறார்கள்?

கேள்வி: திருச்சியிலிருந்து வேலைக்கு வந்து இரண்டு வருடமாகிறது. புளோக்கின் கீழ்த்தளத்தை ஏன் சும்மா விட்டிருக்கிறார்கள்? எட்டு வீடு கட்டலாமே!
– தோ பாயோ வாசகர்

சனிக்கிழமை அங்கே மலாய்க் கல்யாணம் நடக்கும். திங்கட்கிழமை அதே இடத்தில் சீனக் குடும்பத்தின் துக்கத்துக்கு வெள்ளைத் துணி கட்டுவார்கள். வியாழக்கிழமை போனால் இரண்டு தூணும் ஒரு பூனையும் இருக்கும். உங்கள் ஊரில் திண்ணைக்கும் பந்தலுக்கும் உள்ள வேலை இங்கே இந்தக் காலி இடத்துக்கு. எழுபதுகளிலிருந்து வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் (வீவக) இதை வழக்கமாக்கிவிட்டது. என் அப்பா இறந்தபோது வந்தவர்களில் பாதிப் பேரை எனக்குத் தெரியாது. மார்க்கெட்டுக்கு அந்த வழியாகப் போனவர்கள், நின்று கும்பிட்டுவிட்டுப் போனார்கள். எட்டு வீட்டில் அது நடக்காது தம்பி.

கேள்வி: அம்மாவுக்கு 78. முப்பது வருடம் இருக்கும் பேட்டையில், புளோக்குகளுக்குப் புதுச் சாயம் அடித்த பிறகு இரண்டு முறை வழி தவறிவிட்டார். புளோக் எண்தான் சுவரில் அவ்வளவு பெரிதாக இருக்கிறதே!
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர்

முதலில் பலதுறை மருந்தகத்துக்கு (பாலிகிளினிக்) அழைத்துப் போங்கள். மூளையில் ஹிப்போகேம்பஸ் என்று ஒரு பகுதி உண்டு. "நான் இங்கே இருக்கிறேன்" என்று சொல்லும் செல்கள் அதில் இருப்பதை ஜான் ஓகீஃப் 1971இல் எலிகளிடம் கண்டார். 2014இல் அதற்கு நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. மறதி நோயில் சீக்கிரம் அடிபடும் இடங்களில் அதுவும் ஒன்று.

ஆனால் சாயத்தின் மேலும் தப்பு இருக்கலாம். எண், தபால்காரருக்கு. உங்கள் அம்மா எண்ணைப் பார்த்தா வந்திருப்பார்? "அந்த ஆரஞ்சு புளோக்கில் திரும்பு" என்றுதான் மனதில் வைத்திருப்பார். அதைச் சாம்பல் நிறமாக்கிவிட்டு எண்ணைப் படி என்றால் எப்படி? ஆங் மோ கியோவின் கெபுன் பாருவில் மறதி உள்ளவர்களுக்காகவே சுவர்களில் பளிச்சென்று நிறமும் பெரிய படமும் தீட்டியிருக்கிறார்கள். உங்கள் நகர மன்றத்திடமும் கேட்டுப் பாருங்கள்.

அதுவரை ஒரு வேலை செய்யுங்கள். அம்மாவோடு மார்க்கெட்டுக்குப் போய்த் திரும்புங்கள், நீங்கள் வழி சொல்லாமல். எங்கே நிற்கிறார், எதைத் தேடுகிறார் என்று பாருங்கள். காப்பிக்கடையின் டீ வாசனையா, சைக்கிள் நிறுத்துமிடமா? அதையே அவர் வாயால் சொல்லவைத்து, அதே வார்த்தையில் வீட்டில் எல்லோரும் பேசுங்கள். வாசலில் அவருக்குப் பிடித்த செடி ஒன்று இருக்கட்டும், ஒரே மாதிரிக் கதவுகளில் அவர் கதவு எது என்று அது காட்டும். தொட்டியை வைக்கும்போது மட்டும் தாழ்வாரத்தில் 1.2 மீட்டர் வழி விட்டு வையுங்கள். தீயணைப்பு விதி அது. டேப் இல்லையென்றால் சொல்லுங்கள், என்னிடம் மூன்று இருக்கிறது.