ஜேமி கொடுத்த பாஸ் – கடிதமும் பதிலும்

அன்புள்ள சார்,

மார்த்தாண்டம் பக்கத்திலிருந்து எழுதுகிறேன். போன மாதம் காய்ச்சலில் படுத்திருந்தபோது, நீங்கள் ஒரு கூட்டத்தில் சொன்ன 'டெட் லாஸோ' என்ற டிவி தொடரின் மூன்று சீசன்களையும் பார்த்து முடித்தேன். ரிச்மண்ட் என்ற இங்கிலாந்துக் கால்பந்து அணியின் கதை. நிறையச் சிரித்தேன். ஆனால் முடித்தபிறகு ஒரு தாளில் ரிச்மண்ட் அணியின் கணக்கை எழுதிப் பார்த்தால் ஏமாற்றமாக இருக்கிறது. முதல் சீசன் கடைசியில் மேல் டிவிஷனான பிரீமியர் லீகிலிருந்து கீழே இறங்குகிறார்கள். இரண்டாவதில் எஃப்.ஏ. கோப்பை அரையிறுதியில் 5-0 தோல்வி, கடைசி ஆட்டம் 2-2 டிரா. மூன்றாவதில் கடைசி ஆட்டத்தை 3-2 என்று ஜெயித்தும் இரண்டாம் இடம்தான். ஒரு கோப்பைகூட இல்லை. இது ஜெயித்த அணியின் கதையா, தோற்ற அணியின் கதையா? மேலே ஏறிய அடுத்த வருடமே இரண்டாம் இடம் என்பதெல்லாம் நடக்கிற காரியமா? முதல் சீசன் கடைசியில் ஜேமி தானே அடிக்காமல் பாஸ் கொடுப்பதும் எனக்கு ஒட்டவில்லை. எந்த ஃபார்வேர்டு அப்படிச் செய்வான்?

என் மகனும் (பத்து வயது) இப்படித்தான். போன வாரம் பள்ளி ஆட்டத்தில் முன்னால் கோலி மட்டும்தான் நிற்கிறான். அடிக்காமல் பக்கத்துப் பையனுக்குத் தள்ளிவிட்டான். அவன் வெளியே அடித்தான், ஆட்டம் போயிற்று. வரும் வழியெல்லாம் பைக்கில் திட்டிக்கொண்டே வந்தேன். சிரிப்புதான், வேறென்ன.

பெயர் வெளியிட வேண்டாம்.

*

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் கடிதத்தின் கடைசி நான்கு வரிகளுக்காகத்தான் உடனே எழுதுகிறேன். ஜேமியின் அந்தப் பாஸைப் பற்றி எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக மனதில் போட்டு வைத்திருந்தேன். கை வரவில்லை. உங்கள் பைக் பயணத்தை வாசித்த ராத்திரி தூக்கமும் வரவில்லை.

முதலில் கேட்டவற்றை முடித்துவிடுவோம். ஏறிய அடுத்த வருடமே இரண்டாம் இடமா என்கிறீர்கள். அதற்கு மேலேயே நடந்திருக்கிறது. இப்ஸ்விச் டவுன் 1961-இல் மேல் டிவிஷனுக்கு ஏறியது, 1962-இல் சாம்பியன். நாட்டிங்காம் ஃபாரஸ்ட் 1977-இல் ஏறி 1978-இல் சாம்பியன். இன்றைக்கு லீகில் புழங்கும் பணத்தில் அது ரொம்பக் கடினம் என்பது உண்மை. ஆனால் 2015-இல் இறங்காமல் தப்பியதே பெரிய காரியம் என்றிருந்த லெஸ்டர் சிட்டி, 2016-இல் கோப்பையைத் தூக்கியது. ஆகவே கதையெழுதியவர்கள் கொஞ்சம் அடக்கித்தான் வாசித்திருக்கிறார்கள்.

ஜெயித்த அணியா, தோற்ற அணியா என்ற கேள்விக்கு என்னிடம் பெரிய பதில் இல்லை. உங்கள் தாளில் உள்ள கணக்கு சரி. 'தோற்றால் பரவாயில்லை என்று சொல்லும் தொடர்' என்று பலர் எழுதுகிறார்கள், அதுதான் தப்பு. இறங்கிய அன்றைக்கு அந்த உடைமாற்றும் அறையைப் பாருங்கள். ஒருவனும் பரவாயில்லை என்று உட்கார்ந்திருக்கவில்லை. எல்லா முகமும் செத்த வீட்டு முகம். தோல்வி வலிக்கிறது என்று ஒப்புக்கொண்டுதான் பயிற்சியாளர் டெட் பேச்சைத் தொடங்குகிறார். சரி, அது போகட்டும்.

இப்போது ஜேமி.

எந்த ஃபார்வேர்டு அப்படிச் செய்வான் என்கிறீர்கள். தொடரை நீங்கள் காய்ச்சலோடு பார்த்திருக்கிறீர்கள், அதனால் மன்னிக்கிறேன். ஜேமி டார்ட் மான்செஸ்டர் சிட்டியிலிருந்து கடனாக ரிச்மண்டுக்கு வந்தவன். காலில் பந்து வந்தால் யாருக்கும் கொடுக்க மாட்டான். அவனுக்கு டெட் சொல்லிக்கொடுக்க முயல்வது ஒன்றுதான்: பக்கத்தில் இன்னொருவன் இருக்கிறான், அவனைப் பார். அவன் பார்க்கத் தொடங்குகிற நேரத்தில் சிட்டி அவனைத் திருப்பி அழைத்துக்கொள்கிறது. கடைசி ஆட்டம் அதே சிட்டியோடு. டிரா செய்தால் ரிச்மண்ட் பிழைக்கும். கடைசி நேரத்தில் சமனும் செய்துவிடுகிறார்கள். மைதானமே கூத்தாடுகிறது. அப்போது எதிர்ப்பக்கம் பந்து ஜேமியிடம் வருகிறது. பழைய ஜேமியாக இருந்தால் தானே அடித்திருப்பான். இவன் இன்னொருவனைப் பார்க்கிறான், கொடுக்கிறான், அது கோலாகிறது. ரிச்மண்ட் இறங்குகிறது.

டெட் சொல்லிக்கொடுத்த பாடம் பலித்தது, டெட்டின் அணியைத் தோற்கடித்தது. விளையாட்டைப் பற்றி எடுக்கப்பட்ட எதிலும் இதற்கு நிகரான ஒரு முடிச்சை நான் பார்த்ததில்லை. உங்கள் தாளில் இதற்கு ஒரு கட்டம் இருக்கிறதா? 'தோல்வி' என்று மட்டும் இருக்கும். அந்தத் தோல்வி எதனால் வந்தது என்று எழுத அங்கே இடம் கிடையாது.

அதற்குப் பிறகு வரும் ஒரு நிமிடத்தை நீங்கள் கவனித்தீர்களா என்று தெரியவில்லை. ஜெயித்த அணியின் அறை. ஜேமியின் அப்பன் வருகிறான். மகன் ஜெயித்துவிட்டான், ஆனாலும் கத்துகிறான். நீயே ஏன் அடிக்கவில்லை, ஏன் அவனுக்குக் கொடுத்தாய் என்று. ஒரு பூட்ஸை எடுத்து மகன்மேல் எறிகிறான். டெட் அதைப் பார்த்துவிடுகிறார். உள்ளே போய் நியாயம் பேசவில்லை. ஒரு துண்டுக் காகிதத்தில், நல்ல பாஸ் என்று எழுதி, ஒரு பொம்மைச் சிப்பாயோடு கொடுத்தனுப்புகிறார். தன் அணியைக் கீழே தள்ளிய பாஸுக்கு.

நீங்கள் பைக்கில் மகனிடம் கேட்டதும் ஜேமியின் அப்பன் கேட்டதும் ஒரே கேள்வி. இதை மென்மையாகச் சொல்ல எனக்குத் தெரியவில்லை. 'சிரிப்புதான்' என்று எழுதியிருக்கிறீர்கள். பின்னால் உட்கார்ந்திருந்த பையன் சிரித்தானா? அவன் முகத்தை நீங்கள் பார்த்திருக்க முடியாது. பைக்கில் அதுதான் சங்கடம். பின்னால் இருப்பவனுக்கு ஓட்டுகிறவரின் முதுகு மட்டும்தான் தெரியும்.

எனக்கு ஒரு முதுகு ஞாபகம் இருக்கிறது.

நான் பிறந்தது நம் குமரி மாவட்டத்தின் மேற்குக் கரையில். இரையுமன்துறையில் தொடங்கி பூத்துறை, தூத்தூர், சின்னத்துறை, இரவிபுத்தன்துறை, வள்ளவிளை, மார்த்தாண்டன்துறை, நீரோடி என்று எட்டு ஊர் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு கிடக்கிற கரை. உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை, அங்கே பந்து விளையாடாத ஆண்பிள்ளை கிடையாது. மாநில அணிகள் மோதும் சந்தோஷ் டிராபிக்கு அங்கிருந்து எத்தனையோ பேர் போயிருக்கிறார்கள். இரவிபுத்தன்துறை மைக்கேல் சூசைராஜ் ஐ.எஸ்.எல். என்ற தேசிய லீக் வரைக்கும் போனார். அவர் கொல்கத்தாவின் ஏடிகே அணியில் இருந்த 2019-20 சீசனில் அந்த அணி கோப்பையை வென்றது. அடுத்த சீசனின் முதல் ஆட்டத்திலேயே காயம், சீசன் முழுக்க வெளியே. அன்றைக்கு டிவி முன்னால் எங்கள் கரையில் எழுந்த சத்தம் இன்னும் காதில் இருக்கிறது. இதையெல்லாம் வேறொரு நாள் எழுத வேண்டும்.

எங்கள் களம் மணல். ஒரு பக்கம் ஓங்கி அடித்தால் கடல், மறுபக்கம் ஓங்கி அடித்தால் ஏவிஎம் கால்வாய். தோல் பந்துதான். இரண்டு முறை உப்புத்தண்ணீரில் விழுந்து எடுத்தால் கருங்கல் மாதிரி கனக்கும். வெறுங்காலில்தான் அடிப்போம். நெற்றியில் வாங்கினால் பந்தின் தையல் வரிவரியாகப் பதிந்திருக்கும்.

1983. எனக்குப் பதினான்கு வயது. பங்குத் திருவிழாவை ஒட்டிச் சின்னப் பையன்களுக்கான போட்டி. இறுதி ஆட்டத்தில் நாங்கள். அப்பா சுறா பிடிக்கத் தொலைக்கடலுக்குப் போகிறவர். மாதத்தில் பாதி நாள் வீட்டில் இருக்க மாட்டார். திருவிழாவுக்கு வந்திருந்தார். நான் விளையாடி அவர் பார்த்தது அந்த ஒரு ஆட்டம்தான். கோட்டுக்கு வெளியே, புதுக் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு நின்றார்.

இரண்டு பக்கமும் கோல் இல்லை. வெளிச்சம் குறைந்துகொண்டே வருகிறது. வலப்பக்கம் எனக்குப் பந்து கிடைத்தது. தடுக்க வந்த ஒருவனைத் தாண்டிவிட்டேன். கோலி வெளியே ஏறி வந்துவிட்டான். அடித்திருக்கலாம். ஆனால் அவன் எனக்கு நேராக வந்ததால் போஸ்டின் பாதி மறைந்துவிட்டது. இடப்பக்கத்தில் என் கூட்டாளி, ஆளே இல்லாத இடத்தில் கையைத் தூக்கிக்கொண்டு வருகிறான். நான் யோசிக்கவெல்லாம் இல்லை. கால் அதுவாகவே கொடுத்துவிட்டது. பந்து மணலில் ஒருமுறைகூடத் துள்ளாமல் உருண்டு போனது. அவன் அடித்தான். கம்பத்துக்கு மேலே போய்த் தென்னையில் முட்டியது. அப்போதெல்லாம் எங்கள் ஊரில் டை-பிரேக்கர் கிடையாது. டாஸ் போட்டார்கள். தோற்றோம்.

அப்பா ஒன்றும் பேசாமல் முன்னால் நடந்தார். நான் பின்னால். கோயிலைத் தாண்டி, ஐஸ் பெட்டிகள் அடுக்கிய இடத்தைத் தாண்டி, வீட்டு வாசல் வரைக்கும் அவர் முதுகைப் பார்த்துக்கொண்டே போனேன். வாசலில் நின்று, திரும்பாமல், ஒன்று கேட்டார்.

"தூண்டில்ல சுறா விழுந்தா, கயித்த அடுத்த வள்ளக்காரன் கையில குடுப்பியாடே?"

அவ்வளவுதான். அடிக்கவில்லை, வேறு ஒரு வார்த்தை சொல்லவில்லை. மறுவாரம் கடலுக்குப் போய்விட்டார். அடுத்த வருடம் நான் பந்து விளையாடப் போகவில்லை. யாரும் ஏன் என்று கேட்கவுமில்லை.

அந்தக் கேள்விக்குப் பதில் கிடைக்க எனக்கு இருபது வருடம் ஆயிற்று. ஒரு தடவை அப்பாவோடு வள்ளத்தில் போயிருந்தேன். ஆயிரங்கால் தூண்டில் போட்டிருந்தார்கள். விடியற்காலையில் ஆள் நீளத்துக்கு ஒரு சுறா. ஒருவன் கயிற்றை இழுக்கிறான். கை அறுபடத் தொடங்கியதும் கேட்காமலே அடுத்தவன் வாங்கிக்கொள்கிறான். இன்னொருவன் இரும்புக் கொக்கியை மாட்டுகிறான். அப்பா கட்டைத் தடியோடு தலைப்பக்கம் நிற்கிறார். கயிறு நான்கு கை மாறித்தான் மீன் உள்ளே வந்தது. கரைக்கு வந்து பங்கு பிரிக்கும்போது யார் இழுத்தது, யார் அடித்தது என்று ஒரு பேச்சு கிடையாது. சோறு பொங்கின பையனுக்கும் ஒரு பங்கு. வாழ்நாள் முழுக்கக் கயிற்றைக் கை மாற்றியே பிழைத்த மனுஷன் அவர். கரையில் நின்று மகனைப் பார்க்கும்போது மட்டும், மகன் தனியாக இழுக்க வேண்டும் என்று நினைத்தார். ஊரே பார்க்கிறதல்லவா. அதுதான் காரணம் என்று இப்போது புரிகிறது. அவரிடம் இதை நான் பேசவேயில்லை. பேசியிருக்கலாம். ஆள் போய்விட்டார்.

நீங்கள் நல்ல அப்பா என்று எனக்குத் தெரியும். காய்ச்சலிலிருந்து எழுந்த கையோடு மகன் ஆட்டத்தைப் பார்க்கப் போயிருக்கிறீர்கள். அதனால்தான் இவ்வளவு கோபமாக எழுதுகிறேன். அங்கே போகாத அப்பாவாக இருந்தால் எழுதியிருக்கவே மாட்டேன். தொடரில் இரண்டாவது சீசன் கடைசி ஆட்டத்தை மறுபடி போட்டுப் பாருங்கள். டிவிஷன் ஏற வேண்டுமானால் அந்தப் பெனால்ட்டி கோலாக வேண்டும். ஜேமி பந்தை எடுத்து டானி ரோஹாஸ் கையில் கொடுக்கிறான். சீசன் தொடக்கத்தில் அவன் அடித்த பெனால்ட்டி குறுக்கே ஓடிவந்த நாய்மேல் பட்டு அது செத்துப்போக, பந்தைத் தொடவே பயந்து கிடந்தவன் டானி. அவனிடம் கொடுக்கிறான். நீங்கள் '2-2 டிரா' என்று எழுதி வைத்திருக்கும் ஆட்டம் அதுதான். தயவுசெய்து அந்தத் தாளைக் கிழித்துப் போடுங்கள்.

என் கூட்டாளியைப் பற்றிச் சொல்லி முடிக்கிறேன். கம்பத்துக்கு மேலே அடித்தவன். இப்போது துறைமுகத்தில் போட் எஞ்சின் வேலை பார்க்கிறான். வருடா வருடம் திருவிழாவுக்குப் போனால் என்னைப் பிடித்துக் கோயிலுக்கு எதிரே உள்ள டீக்கடையில் உட்கார வைப்பான். குடித்து முடித்த கிளாஸை நடுவில் வைப்பான். அது கோலி. தீப்பெட்டி அவன். என் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வலப்பக்கம் வைப்பான், அது நான். ஒரு சில்லறைக் காசை விரலால் சுண்டி, கண்ணாடியிலிருந்து தீப்பெட்டிக்கு உருட்டுவான். கிரீஸ் ஏறிய விரல். காசு கிளாஸைத் தொடாமல் தீப்பெட்டியின் ஓரத்தில் போய் நிற்கும்.

"இடது காலுக்கு நேரா வந்துது மக்கா. அப்படி ஒரு பந்து எனக்கு அதுக்குப் பொறவு ஒருத்தனும் தரல்ல" என்பான். நாற்பது வருடமாக இதையேதான் சொல்கிறான். போன திருவிழாவிலும் சொன்னான். தான் வெளியே அடித்ததைப் பற்றி ஒருநாளும் பேச மாட்டான்.

உங்கள் மகன் பக்கத்துப் பையனுக்குக் கொடுத்தான் என்று எழுதியிருக்கிறீர்கள். அந்தப் பையன் பெயரை எழுதவில்லை. மகனிடம் கேட்டு எழுதுங்கள்.