பதில்: டர்ஹம் பேராலயம் கோதிக் இல்லையா?

கூர்வளைவு (உச்சி கூராக முடியும் வளைவு) இருந்ததால் இங்கிலாந்தின் டர்ஹம் பேராலயத்தைத் தேர்வில் கோதிக் என்று எழுதினீர்கள், மதிப்பெண் போய்விட்டது, அதுதானே? பாதி தவறு உங்கள் பாடப்புத்தகத்துடையது. "கூர்வளைவு என்றால் கோதிக், அரைவட்டம் என்றால் ரோமனெஸ்க்" என்று இடைக்கால ஐரோப்பாவின் இரண்டு கட்டடப் பாணிகளை ஒரே வரியில் பிரித்தால் இப்படித்தான் ஆகும்.

டர்ஹம் பேராலயத்தை 1093இல் கட்ட ஆரம்பித்தார்கள், 1133இல் கூரை முடிந்தது. மேலே பார்த்தால் விலா எலும்பு மாதிரி கல் வரிகள், குறுக்கே கூர்வளைவுகள், எல்லாமே இருக்கிறது. ஆனால் அங்கே கூர்வளைவு ஒரு கணக்குச் சிக்கலுக்கான தீர்வுதான்: கூரையின் ஒவ்வொரு கட்டத்திலும் மூலைவிட்டம் நீளம், குறுக்கு அகலம் குறைவு, இரண்டையும் அரைவட்டமாகவே கட்டினால் உச்சிகள் ஒரே உயரத்தில் சேராது, குறுக்கு வளைவைக் கூராக்கினால் சேர்ந்துவிடும். அப்புறம் கண்ணைக் கீழே இறக்குங்கள். பருமனான உருளைத் தூண்கள் (அந்த நெளிநெளி செதுக்கலுக்காகவே எனக்கு அந்த இடம் பிடிக்கும்), தடித்த சுவர்கள், சின்னச் சின்ன ஜன்னல்கள். எடையைச் சுவர்தான் தாங்குகிறது. அதனால்தான் ரோமனெஸ்க்.

பாரிஸ் அருகே சாந்தெனி (Saint-Denis) மடத்துத் தேவாலயத்தில் மடாதிபதி சுழே (Suger) 1140களில் கட்டிய கிழக்குப் பகுதியைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அதே விலா, அதே கூர்வளைவுதான், ஆனால் சுவர் கரைந்து கண்ணாடியாகிவிட்டது. அதுதான் கோதிக். விடைத்தாளில் வளைவின் வடிவத்தை விட்டுவிட்டு, எடை எங்கே இறங்குகிறது, வெளிச்சம் எவ்வளவு வருகிறது என்று எழுதுங்கள்.