புதுச்சேரி இந்தியாவோடு இணைந்தது எப்படி? வாசகர் கேள்விகள்

பிரெஞ்சு இந்தியா இந்திய ஒன்றியத்தில் சேர்ந்தது குறித்து வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் தருகிறோம். ஒரே பொருளைக் கேட்டவற்றை ஒன்றாகச் சேர்த்திருக்கிறோம்.

நவம்பர் 1-ஐ விடுதலை நாள் என்கிறார்கள். ஆகஸ்ட் 16 அன்றும் கீழூரில் விழா நடக்கிறது. புதுச்சேரி இணைந்த நாள் எது?
*வாசகர், திண்டிவனம்*

இரண்டு நாளும் உண்மையானவை. இரண்டு நாட்களிலும் கைமாறிய பொருள்தான் வேறு. 1.11.1954 அன்று நிர்வாகம் கைமாறியது. காவல், கருவூலம், சுங்கம், அலுவலகங்கள் எல்லாம் அன்று இந்தியாவின் பொறுப்பில் வந்தன. அதுவரை புதுச்சேரியில் இந்தியத் தூதரக அதிகாரியாக இருந்த கேவல் சிங் தலைமை ஆணையராகப் பொறுப்பேற்றார். நிலத்தின் மீதான பிரான்சின் இறைமை கைமாறியது 16.8.1962 அன்று. அதற்கான உடன்படிக்கை 28.5.1956 அன்றே டெல்லியில் கையெழுத்தாகிவிட்டது. ஆனால் பிரெஞ்சு நாடாளுமன்றம் ஒப்புதல் தந்தது 1962 ஜூலையில்தான். அல்ஜீரியாவில் போர் நடந்துகொண்டிருந்த ஆண்டுகளில், ஒரு ஆட்சிப்பகுதியை விட்டுக்கொடுக்கும் சட்டத்தை அவையில் வைக்கப் பாரிசில் எந்த அரசும் முன்வரவில்லை. அல்ஜீரியா விடுதலை பெற்ற அதே மாதத்தில் இந்த ஒப்புதலும் கிடைத்தது.

இடைப்பட்ட ஏழே முக்கால் ஆண்டுகளின் நிலையைப் பலர் கவனிப்பதில்லை. இந்திய அதிகாரிகள் ஆண்டார்கள், இந்தியக் கொடி பறந்தது, ஆனால் அரசியல் சட்டப்படி புதுச்சேரி இந்திய நிலப்பரப்பு ஆகவில்லை. 1947-ஆம் ஆண்டின் வெளிநாட்டு அதிகார வரம்புச் சட்டத்தின் கீழ் ஆணைகள் போட்டுத்தான் இந்தியச் சட்டங்களை அங்கே செலுத்தினார்கள். பேருந்து உரிமம் பற்றிய ஒரு வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனபோது, புதுச்சேரி இந்திய நிலப்பரப்பில் சேர்ந்ததா என்று நீதிமன்றம் மத்திய அரசையே கேட்டது. இன்னும் சேரவில்லை என்பதே பதில். நிர்வாகம், இறைமை, சட்டம், குடியுரிமை ஆகிய நான்கும் தனித்தனித் தேதிகளில் நகர்ந்தன. ஒரு பழைய பத்திரத்தையோ தாத்தாவின் தாளையோ கையில் வைத்துக்கொண்டு யோசிப்பவர்கள், அது இந்த நான்கில் எதைச் சேர்ந்தது என்று முதலில் பிரித்துப் பார்க்கவேண்டும். குழப்பத்தில் பாதி அங்கேயே தீரும்.

ஆங்கிலேயர் 1947-ல் போனபோது பிரெஞ்சுக்காரர்களும் போயிருக்கலாமே? தடுத்தது எது?
*வாசகர், சேலம்*

ஒரு பகுதியை அப்போதே விட்டார்கள். சூரத், மசூலிப்பட்டினம், கோழிக்கோடு முதலிய ஊர்களில் இருந்த பழைய பிரெஞ்சு வணிக மனைகள் 1947 அக்டோபரில் இந்தியாவிடம் வந்தன. புதுச்சேரி, காரைக்கால், மாஹே, யானம், வங்காளத்துச் சந்திரநாகூர் ஆகிய ஐந்துக்கும் அப்படிச் செய்ய முடியாதபடி பிரெஞ்சு அரசியல் சட்டம் குறுக்கே நின்றது. 1946-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 27-ஆம் பிரிவு, சம்பந்தப்பட்ட மக்களின் சம்மதம் இல்லாமல் எந்த நிலத்தையும் விட்டுக்கொடுப்பது செல்லாது என்கிறது. சட்டம் தடை என்பது ஒரு பக்கம். பிரான்சின் ஆட்சியில் இருந்த இந்தோசீனாவில் (வியட்நாம், லாவோஸ், கம்போடியா) போர் நடக்கும்போது இங்கே எளிதாக விலகினால் அங்கே கை தளரும் என்ற கணக்கும் இருந்தது.

ஆகவே 1948 ஜூனில் இரு அரசுகளும் மக்கள் வாக்கெடுப்புக்கு ஒத்துக்கொண்டன. சந்திரநாகூரில் அது 19.6.1949 அன்று நடந்தது. இந்தியாவோடு சேர 7,473 வாக்குகள், எதிராக 114. நிர்வாகம் 2.5.1950 அன்றும், இறைமை 9.6.1952 அன்றும் கைமாறின. 1954 அக்டோபர் 2 அன்று அந்த நகரம் மேற்கு வங்கத்தோடு கலந்தது. புதுச்சேரி பின்னாளில் நடந்த வழியை ஐந்தாண்டு முன்பே சந்திரநாகூர் நடந்துவிட்டது. அங்கே பொதுமக்கள் நேரடியாக வாக்களித்தார்கள் என்பதுதான் பெரிய வேறுபாடு.

அப்படியானால் புதுச்சேரியில் மட்டும் பொது வாக்கெடுப்பு ஏன் நடக்கவில்லை?
*வாசகர்கள், கடலூர், விழுப்புரம்*

நடத்தினால் நேர்மையாக நடக்காது என்று எல்லோருக்கும் தெரிந்திருந்தது. 1948 அக்டோபர் நகராட்சித் தேர்தலில் எதுவார் குபேரின் பிரெஞ்சு இந்திய சோசலிஸ்டுக் கட்சி புதுச்சேரியில் வென்றது. அப்போது அந்தக் கட்சி பிரெஞ்சு ஒன்றியத்துக்குள் இருப்பதையே ஆதரித்தது. வாக்காளர் பட்டியல் மீதும், வாக்குச்சாவடியில் நின்ற அடியாட்கள் மீதும் புகார்கள் குவிந்தன. 1951-ல் சர்வதேச நீதிமன்றம் வழியாகத் தேர்வான நடுநிலைப் பார்வையாளர்கள் நேரில் வந்து பார்த்து, சுதந்திரமான வாக்கெடுப்புக்கு ஏற்ற சூழல் இல்லை என்றே அறிக்கை தந்தார்கள். வாக்காளர் பட்டியல் நம்பத்தக்கதாக இல்லாத இடத்தில் வாக்கெடுப்பை வற்புறுத்துவது மக்கள் விருப்பத்தை அறியும் வழி ஆகாது. இந்தியா மறுத்தது சரியே என்பது எங்கள் கருத்து.

மறுபக்கம், இந்தியா போட்ட அழுத்தமும் கடுமையானது. 1941-ல் ஏற்பட்ட சுங்க ஒன்றியத்தை இந்தியா முடித்துக்கொண்டதால் 1.4.1949 முதல் எல்லையில் சுங்கச் சாவடிகள் வந்தன. புதுச்சேரிப் பகுதியின் வரைபடத்தைப் பார்த்தால் இதன் பொருள் விளங்கும். பிரெஞ்சு ஊர்களும் தென்னார்க்காடு மாவட்ட ஊர்களும் ஒன்றுக்குள் ஒன்று புகுந்து கிடந்தன. பாகூரிலிருந்து புதுச்சேரி நகரத்துக்கு வர இந்திய மண்ணைக் கடக்கவேண்டிய நிலை. வயல் ஒரு நாட்டிலும் வீடு இன்னொரு நாட்டிலும் இருந்த குடியானவர் சாவடியில் நிற்கவேண்டி வந்தது. கடத்தல் பெருகியது, பின்னர் அனுமதிச் சீட்டு முறையும் இறுகியது. நெல்லும் தறிநூலும் இந்தியப் பக்கத்திலிருந்து வராமல் புதுச்சேரி பிழைக்க முடியாது என்பது வணிகர்களுக்கு நன்றாகப் புரிந்தது.

பிரெஞ்சு ஆட்சியில் எதிர்காலம் இல்லை என்பது தொழிலாளர்களுக்கு அதற்கு முன்பே வேறு வழியில் புரிந்திருந்தது. 30.7.1936 அன்று புதுச்சேரியின் சவானா பஞ்சாலைப் போராட்டத்தில் 12 தொழிலாளர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அந்த இயக்கத்திலிருந்து வளர்ந்தவர் கம்யூனிஸ்ட் தலைவர் வ. சுப்பையா. இணைப்பு வரலாற்றைக் குபேரின் மனமாற்றத்திலிருந்து தொடங்கி எழுதுவது வழக்கமாகிவிட்டது. அது இந்தத் தொழிலாளர்களுக்குச் செய்யும் அநியாயம்.

குபேர் இந்தியாவின் பக்கம் திரும்பியது 1954 மார்ச்சில். 18.3.1954 அன்று புதுச்சேரிப் பகுதியின் எட்டுக் கொம்யூன்களின் (நகராட்சிகளின்) மேர்களும், அதாவது நகராட்சித் தலைவர்களும், வாக்கெடுப்பு இல்லாமலே இந்தியாவோடு இணையவேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். மாத இறுதியில் நெட்டப்பாக்கத்தில் இந்தியக் கொடி ஏறி, அங்கே ஒரு தற்காலிக அரசும் அமைந்தது. மே 7-ல் வியட்நாமில் பிரெஞ்சுப் படையின் கோட்டையான தியென் பியென் பூ வீழ்ந்தது. ஜூனில் மெந்தே பிரான்ஸ் என்பவர் பிரெஞ்சுப் பிரதமரானார். அதன் பிறகு பாரிசுக்கு இங்கே பிடிவாதம் பிடிக்கக் காரணம் இல்லாமல் போயிற்று.

மாஹேயும் யானமும் தனியாக விடுதலை பெற்றவையா?
*வாசகர், காரைக்கால்*

ஆம், இரண்டும் முந்திக்கொண்டன. யானத்தில் 13.6.1954 அன்று ததல ரஃபேல் ரமணய்யா தலைமையில் வந்தவர்கள் நிர்வாகத்தைக் கைப்பற்றினார்கள். மாஹேயில் ஐ. கே. குமாரன் தலைமையிலான மகாஜன சபை நடத்திய முற்றுகையின் முடிவில் 16.7.1954 அன்று பிரெஞ்சு நிர்வாகி வெளியேறினார். அதே மகாஜன சபையினர் 1948-லேயே ஒருமுறை ஊரைப் பிடித்து, பிரெஞ்சுப் போர்க்கப்பல் வந்ததால் விடவேண்டியதாயிற்று. அக்டோபரில் மிஞ்சியிருந்தவை புதுச்சேரியும் காரைக்காலும் மட்டுமே.

கீழூரில் வாக்களித்தவர்கள் 178 பேர்தான் என்கிறார்கள். அதை எப்படி மக்கள் சம்மதம் என்பது?
*வாசகர், மதுரை*

நியாயமான கேள்வி. 18.10.1954 அன்று கீழூரில் கூடியவர்கள் பிரெஞ்சு இந்தியாவின் தேர்ந்தெடுக்கப்பட்ட பிரதிநிதித்துவ சபை உறுப்பினர்களும், புதுச்சேரி, காரைக்கால் நகராட்சி மன்ற உறுப்பினர்களும். வாக்களித்தோர் 178, ஆதரவு 170, எதிர்ப்பு 8. பொதுமக்கள் யாரும் வாக்களிக்கவில்லை. பிரெஞ்சு அரசியல் சட்டத்தின் 27-ஆம் பிரிவு சம்மதம் வேண்டும் என்றதே தவிர, அதை எந்த முறையில் பெறவேண்டும் என்று சொல்லவில்லை. தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள் வழியாகப் பெற்றாலும் போதும் என்று இரு அரசுகளும் கொண்டன. மூன்றே நாளில், 21.10.1954 அன்று, டெல்லியில் ஒப்பந்தம் கையெழுத்தானது.

இதே சபையினரில் பலர் சில ஆண்டுகள் முன்பு பிரெஞ்சுப் பக்கம் நின்றவர்கள் என்பதையும், அவர்களைத் தேர்ந்தெடுத்த தேர்தல்கள்மீதே புகார் இருந்ததையும் மறைக்கவேண்டியதில்லை. அதற்காக முடிவு மக்கள் விருப்பத்துக்கு மாறானது என்று சொல்ல இடமில்லை. நான்கு பகுதிகளில் இரண்டு ஏற்கனவே தாமாகவே வெளியேறிவிட்டன. 1955-லும் 1959-லும் இந்திய நிர்வாகத்தில் நடந்த தேர்தல்களில், இணைப்பை ஏற்ற கட்சிகளே போட்டியிட்டு இடங்களைப் பிடித்தன.

என் தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்தில் சொல்தாவாக (படைவீரராக) இருந்தவர். எங்களுக்குப் பிரெஞ்சுக் குடியுரிமை உண்டா? எதிலிருந்து தொடங்குவது?
*வாசகர், வில்லியனூர். இதே கேள்வியைப் பலரும் கேட்டிருக்கிறார்கள்.*

பட்டாளத்தில் இருந்தார் என்பதால் மட்டும் எதுவும் கிடைத்துவிடாது. 1956 உடன்படிக்கை பார்ப்பது அவர் எங்கே பிறந்தார், 16.8.1962 அன்று எங்கே குடியிருந்தார் என்ற இரண்டை. பிரெஞ்சு இந்தியப் பகுதிகளில் பிறந்து, அந்தத் தேதியில் அங்கேயே குடியிருந்த பிரெஞ்சுக் குடிமக்கள் தானாகவே இந்தியக் குடிமக்கள் ஆனார்கள். வேண்டாம் என்பவர் ஆறு மாதத்துக்குள், அதாவது 1963 பிப்ரவரி நடுப்பகுதிக்குள், எழுத்து மூலம் அறிவித்துப் பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொள்ளலாம். அதே பகுதிகளில் பிறந்து, அன்று இந்தியாவுக்கும் இந்தப் பகுதிகளுக்கும் வெளியே, சைகோனிலோ பிரான்சிலோ குடியிருந்தவர்களுக்குத் தலைகீழ் விதி: அவர்கள் பிரெஞ்சுக் குடிமக்களாகவே நீடித்தார்கள். மணமாகாத, 18 வயது நிரம்பாத பிள்ளைகள் தந்தையின் முடிவைப் பின்தொடர்ந்தார்கள். இந்தோசீனாவிலேயே பிறந்தவர்களைப் பற்றி இந்த விதி பேசவில்லை. அவர்கள் கோப்பைத் தனியாக ஆராயவேண்டும்.

ஆகவே முதலில் தேடவேண்டியது தாத்தாவின் பிறப்புப் பதிவு. அது அவர் பிறந்த கொம்யூனின் எத்தா சிவில் (பிறப்பு, திருமணம், இறப்புப் பதிவு) ஏட்டில் இருக்கும். அடுத்து 1962-63 விருப்ப அறிவிப்பின் நகல். இல்லையென்றால் 1962-ல் வெளிநாட்டில் குடியிருந்ததைக் காட்டும் படைக் கையேடு, சம்பளத் தாள், தூதரகப் பதிவு அட்டை போன்றவை. அதன்பின் தாத்தாவிலிருந்து உங்கள் வரை ஒவ்வொரு தலைமுறைக்கும் பிறப்பு, திருமணப் பதிவுகள். குடியுரிமையை உறுதிசெய்யும் சான்றிதழைத் தருவது நீதிமன்றம். வெளிநாட்டில் வாழ்பவர் பாரிசுக்கு எழுதவேண்டும்.

கோப்புகள் பெரும்பாலும் எங்கே விழுகின்றன? பெயரில். பிரெஞ்சு ஏட்டில் 'சுப்பராயன்' ஓர் எழுத்தமைப்பில் இருக்கும், மகனின் ஆங்கிலச் சான்றிதழில் வேறாக இருக்கும். முதலெழுத்தைக் குடும்பப் பெயராகப் பதிந்திருப்பார்கள். திருமணம் கோயிலிலோ தேவாலயத்திலோ மட்டும் நடந்து நகராட்சி ஏட்டில் ஏறாமல் போயிருக்கும். அப்போது பிள்ளைக்கும் தந்தைக்கும் உள்ள உறவைப் பிள்ளை வயதுக்கு வருமுன் சட்டப்படி நிலைநாட்டியிருக்கிறார்களா என்ற கேள்வி எழும், ஏனென்றால் அதன் பின் நிலைநாட்டப்பட்ட உறவு குடியுரிமையைக் கடத்தாது. பல ஆண்டுகள் கழித்து நீதிமன்ற ஆணையால் எழுதிய பிறப்புப் பதிவை அதிகாரிகள் ஐயத்தோடுதான் பார்ப்பார்கள்.

எல்லாவற்றையும்விடப் பெரிய தடை பிரெஞ்சு சிவில் சட்டத்தின் 30-3 பிரிவு. 50 ஆண்டுகளுக்கு மேல் குடும்பம் வெளிநாட்டிலேயே வாழ்ந்து, பிரெஞ்சுக் கடவுச்சீட்டு, தூதரகப் பதிவு, வாக்காளர் அட்டை என்று எந்த அடையாளமும் விண்ணப்பதாரரிடமோ அவருக்குப் பிறப்பால் குடியுரிமை தரக்கூடிய பெற்றோரிடமோ இல்லையென்றால், பிறப்பு வழியில் குடியுரிமையை நிரூபிக்க அது அனுமதிப்பதில்லை. 1962-லிருந்து எண்ணினால் அந்த 50 ஆண்டு 2012-லேயே முடிந்தது. வீட்டில் அப்படி ஒரு தாளும் இல்லாத நிலையில், "நிச்சயம் வாங்கித் தருகிறோம்" என்று முன்பணம் கேட்பவர்களிடம் தயவுசெய்து ஏமாறாதீர்கள். இன்னொன்று: இந்தியச் சட்டம் இரட்டைக் குடியுரிமையை ஏற்பதில்லை.

மொழி ஒன்று, மக்கள் ஒன்று. பிறகு ஏன் தமிழ்நாட்டோடு சேர்க்கவில்லை?
*வாசகர், தஞ்சாவூர்*

1954 ஒப்பந்தத்திலும் 1956 உடன்படிக்கையிலும் இந்தியா ஒரு வாக்குறுதி தந்தது. இந்தப் பகுதிகளின் தனி நிர்வாக நிலை தொடரும், மாற்றம் வேண்டுமென்றால் மக்கள் விருப்பத்தை அறிந்தே செய்யப்படும் என்பது அது. பிரெஞ்சு மொழி ஆட்சிமொழியாக நீடிப்பதும், மக்கள் பிரதிநிதிகள் வேறு முடிவெடுக்கும் வரை என்ற நிபந்தனையோடு அதில் உண்டு. அந்த வாக்குறுதியின்படி 14-ஆம் அரசியல் சட்டத் திருத்தம் நான்கு பகுதிகளையும் 16.8.1962 முதல் ஒரே ஒன்றியப் பிரதேசமாக ஆக்கியது. மாநிலங்களவையில் ஓர் இடம் கிடைத்தது. சட்டமன்றம் அமைக்க வழிசெய்யும் 239அ பிரிவும் அப்போது வந்ததுதான். 1.7.1963 அன்று பழைய பிரதிநிதித்துவ சபையே சட்டமன்றமாக மாறியது. முதல் முதலமைச்சர் எதுவார் குபேர்.

1979-ல் அண்டை மாநிலங்களோடு சேர்க்கும் பேச்சு டெல்லியிலிருந்து எழுந்தபோது புதுச்சேரி கொந்தளித்தது. அந்தக் கிளர்ச்சியில் உயிர்களும் போயின. மாநிலத் தகுதி வேண்டும் என்பதே இன்று அங்குள்ள கோரிக்கை. மக்கள் விருப்பம் கேட்கப்படும் என்று எழுதிக் கொடுத்த அரசு அந்தக் கோரிக்கைக்கு இன்னும் தெளிவான பதில் சொல்லவேண்டியிருக்கிறது.

புதுச்சேரியில் சிலருக்கு இன்றும் பிரெஞ்சுச் சட்டம் பொருந்துமாமே?
*வாசகர், சிதம்பரம்*

பொருந்தும், ரெனோன்சான்களுக்கு. 21.9.1881 ஆணையின்படி இந்து, முஸ்லிம் தனிச்சட்டங்களைத் துறந்து பிரெஞ்சு சிவில் சட்டத்தை ஏற்ற குடும்பங்கள் இவை. துறக்கும்போது ஒரு குடும்பப் பெயரையும் எடுத்துக்கொண்டார்கள். இணைப்புக்குப் பிறகு இந்தியச் சட்டங்கள் படிப்படியாக நீட்டிக்கப்பட்டபோது, இவர்களுடைய திருமணம், வாரிசுரிமை ஆகியவற்றில் பழைய சட்டம் காப்பாற்றப்பட்டது. புதுச்சேரியில் பழைய வீடு வாங்குபவர், விற்பவர் ரெனோன்சான் குடும்பமா என்று விசாரித்துக்கொள்வது நல்லது. அந்தச் சட்டத்தில் பிள்ளைகளுக்கு ஒதுக்கவேண்டிய கட்டாயப் பங்கு உண்டு. தந்தை உயில் எழுதி வேறு ஒருவருக்குக் கொடுத்திருந்தாலும், அந்தப் பங்கைக் கேட்டுப் பிள்ளைகள் வழக்குப் போட முடியும்.