லான்ஸ்பரி – கடிதமும் பதிலும்

வணக்கம் ஐயா,

பிரிட்டிஷ் தொழிலாளர் கட்சி பற்றிய கட்டுரையில் ஜார்ஜ் லான்ஸ்பரியை உயர்த்தி எழுதியிருந்தீர்கள். 1912இல் எம்.பி. பதவியைத் தானே துறந்து இடைத்தேர்தலில் தோற்றார். 1935இல் கட்சித் தலைமையை விட்டார். 1937இல் ஹிட்லரிடமே சமாதானம் பேசப் போனார். கொள்கை பேசிக் காரியத்தைக் கோட்டைவிட்டவரை எப்படிச் சிறந்த அரசியல்வாதி என்பது?

ஒரு வாசகர், மதுரை

அன்புள்ள நண்பருக்கு,

நீங்கள் சொன்ன மூன்றும் உண்மை. ஆனால் 1921ஐ விட்டுவிட்டு அவரை எடைபோடக் கூடாது என்பேன்.

கிழக்கு லண்டனின் பாப்ளர், கப்பல்துறைக் கூலிகள் நெருங்கி வாழ்ந்த பகுதி. வேலையிழந்தோருக்கான உதவித்தொகையை அந்தந்தப் பகுதியே தன் வீட்டுவரியிலிருந்து கொடுக்க வேண்டும் என்பது அன்றைய ஏற்பாடு. ஆகவே வேலையில்லாதோர் பெருகப் பெருக, வரி கட்டவே திணறிய அண்டைவீட்டாரின் தலையில்தான் அந்தச் சுமை ஏறியது. செல்வர் வாழ்ந்த வெஸ்ட்மின்ஸ்டருக்கோ அந்தக் கவலையே இல்லை. லான்ஸ்பரி முன்னின்று நடத்திய பாப்ளர் உள்ளாட்சி மன்றம், லண்டன் முழுவதற்குமான நிர்வாக அமைப்பான லண்டன் கவுண்டி கவுன்சிலுக்கும் காவல்துறைக்கும் குடிநீர் வாரியத்துக்கும் சேரவேண்டிய வரியை வசூலிக்கவே மறுத்தது. 30 உறுப்பினர்கள் சிறை சென்றார்கள், ஆண்கள் பிரிக்ஸ்டனுக்கும் பெண்கள் ஹாலோவேக்கும். மன்றக் கூட்டங்கள் பிரிக்ஸ்டன் சிறைக்குள்ளேயே நடந்தன. ஹாலோவேயிலிருந்து பெண் உறுப்பினர்களை அங்கே அழைத்துவந்தார்கள். ஆறு வாரங்களில் விடுதலை கிடைத்தது, அந்த ஆண்டே உதவிச் செலவை லண்டன் முழுவதற்கும் பகிர்ந்தளிக்கும் சட்டமும் வந்தது. இதைக் காரியம் கெட்டது என்று எவ்வாறு சொல்வது?

1912இல் அவர் துறந்தது பெண்களின் வாக்குரிமைக்காக. வாக்கே இல்லாத பெண்களுக்காக ஆண்கள் மட்டுமே வாக்களித்த தேர்தலில் நின்று, 751 வாக்குகளில் தோற்று, பத்தாண்டுகள் நாடாளுமன்றத்துக்கு வெளியே இருந்தார். 1931இல் ஏறத்தாழ ஐம்பது எம்.பி.க்களாகச் சுருங்கிய கட்சியைக் கலைந்துபோகாமல் காத்தவரும் அவரே. 1935இல் அபிசீனியாவை (இன்றைய எத்தியோப்பியா) இத்தாலி தாக்க முனைந்த நெருக்கடியில் இத்தாலிமீது தடை விதிப்பது போரில் முடியும் என்று அஞ்சி அதை எதிர்த்தபோது, கட்சியின் பிரைட்டன் மாநாட்டில் தொழிற்சங்கத் தலைவர் எர்னஸ்ட் பெவின் அவரைக் கடுமையாகத் தாக்கினார். சில நாள்களில் லான்ஸ்பரி தலைமையிலிருந்து விலகினார்.

ஹிட்லர் விஷயத்தில் உங்களோடு நான் உடன்படுகிறேன். பாப்ளரில் அவர் எதிர்த்து நின்றது, மன்ற உறுப்பினர்கள் சிறையில் இருப்பதைக் கண்டு சங்கடப்படக்கூடிய ஓர் அரசை. பெர்லினில் அப்படிச் சங்கடப்படுவார் எவருமில்லை. எதிரிக்கும் மனச்சாட்சி உண்டு என்ற அவருடைய நம்பிக்கை அங்கே பெரும் பிழையாயிற்று.

உங்கள் கடிதம் என் குறை ஒன்றையும் காட்டிக்கொடுத்தது. சிறை சென்ற 30 பேரில் அவருடைய மருமகள் மின்னி லான்ஸ்பரியும் ஒருவர். விடுதலையாகி மூன்று மாதங்களுக்குள், 1922 ஜனவரி முதல் நாளில், நிமோனியாவால் 32 வயதில் இறந்தார். கட்டுரையில் அவர் பெயரை நான் எழுதாமல் விட்டிருக்கிறேன். இன்றே சேர்த்துவிடுகிறேன்.