தெய்வச் சிலையும் வயல் பத்திரமும்

வணக்கம்.

பண்டைய சமூகங்களில் பெண்களின் இடம் பற்றி எனக்கும் என் தோழிக்கும் ஒரு மாதமாக வாக்குவாதம். அவள் சொல்வது இது: ஆதியில் எல்லா இடத்திலும் தாய்வழிச் சமூகம்தான். பெண் தெய்வங்கள், பெண் பூசாரிகள், பெண்களே ஆண்டார்கள். ஆண்கள் பிற்பாடு வந்து எல்லாவற்றையும் பிடுங்கிக்கொண்டார்கள். உலகின் முதல் எழுத்தாளரே சுமேரியாவில் ஒரு பெண் பூசாரிதான் என்று வாட்ஸ்அப்பில் வந்த செய்தியை அனுப்பி, 'இதற்கு என்ன சொல்கிறாய்?' என்று கேட்கிறாள்.

எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. அந்தப் பெண்களைக் கோயிலில் உட்கார வைத்தது ராஜாக்களின் வசதிக்காக. அவர்கள் அலங்காரப் பொம்மைகள். அதீனாவைக் கும்பிட்டுக்கொண்டே வீட்டுப் பெண்களை உள்ளே பூட்டி வைத்தவர்கள்தானே கிரேக்கர்கள்?

யார் சொல்வது சரி? முடிந்தால் ஒரு வரியில் சொல்லுங்கள், அவளுக்கு ஃபார்வர்ட் செய்ய வேண்டும்.

ஒரு வாசகி
(பெயர் வேண்டாம் என்று கேட்டிருந்தார்)

*

அன்புள்ள தோழிக்கு,

ஒரு வரிப் பதில் என்னிடம் இல்லை. ஆளுக்குப் பாதி சரி என்று சொல்லி நழுவவும் மனமில்லை. நீங்கள் இருவரும் எதிரெதிர்ப் பக்கம் நிற்பதாக நினைக்கிறீர்கள். எனக்கென்னவோ இருவரும் ஒரே இடத்தில் நிற்பதாகத்தான் தெரிகிறது. கோயிலுக்குள் பெண் எந்த உயரத்தில் இருந்தாளோ அதுதான் வெளியே பெண்களின் உயரம் என்ற கணக்கு இருவருக்கும் பொது. உங்கள் தோழி உள்ளே இருந்த உயரத்தைக் காட்டி வெளியையும் ஏற்றிவிடுகிறார். நீங்கள் வெளியே உயரமில்லை, ஆகவே உள்ளே இருந்ததும் வேஷம் என்கிறீர்கள். பழைய ஆவணங்களைப் புரட்டினால் அந்தக் கணக்கு இரண்டு பக்கமும் உதைக்கிறது.

தோழியிடமிருந்து ஆரம்பிப்போம். ஆதியில் பெண்ணாட்சி என்ற கருத்துக்கு ஒரு பிறந்த தேதி உண்டு. 1861-இல் பாஹோஃபென் என்ற சுவிஸ் சட்ட அறிஞர், பெரும்பாலும் புராணங்களை வைத்து அதைக் கட்டினார். சரியாக நூறு வருஷம் கழித்து, துருக்கியின் சாத்தால்ஹூயூக் அகழ்வில் ஒரு களிமண் உருவம் கிடைத்தது. பருத்த உடம்போடு ஒரு பெண் அமர்ந்திருக்கிறாள், இரண்டு கைகளும் இரண்டு சிறுத்தைகள் போன்ற விலங்குகளின் மேல். வயது சுமார் எட்டாயிரம் வருஷம். கிடைத்த இடம் ஒரு தானியத் தொட்டி. உடனே 'தாய்த் தெய்வம்' என்று பெயர் விழுந்தது, தாய்த் தெய்வம் என்றால் தாய் ஆட்சி என்று அடுத்த தாவல்.

1993-இலிருந்து அதே இடத்தில் நடந்த அகழ்வு வேறு விதமாகக் கேள்வி கேட்டது. சிலையை விட்டுவிட்டு எலும்பைப் பார்த்தார்கள். அந்த வீடுகளில் புகைபோக்கி சரியாகக் கிடையாது, உள்ளேயே இருந்தவர்களின் நுரையீரலில் கரி சேர்ந்து, செத்த பிறகு விலா எலும்பின் உட்புறத்தில் படிந்திருக்கிறது. பெண் வீட்டுக்குள், ஆண் வெளியே என்றிருந்தால் பெண் எலும்பில் கரி கூடுதலாக இருந்திருக்கும். அப்படி இல்லை. சாப்பாட்டிலும் பெரிய வித்தியாசம் இல்லை. சமீபத்தில் வந்த மரபணு ஆய்வு, ஒரே வீட்டுத் தரைக்குக் கீழே புதைக்கப்பட்டவர்களுக்குள் தாய்வழி உறவு தூக்கலாக இருப்பதைக் காட்டுகிறது. மகள் பிறந்த வீட்டோடு தங்கினாள் என்று அதை வாசிக்கலாம். உங்கள் தோழிக்கு இது சந்தோஷம் தரும், தரட்டும். ஆனால் யார் எந்த வீட்டில் தங்கினார்கள் என்பது வேறு, யார் யாரை ஆண்டார்கள் என்பது வேறு.

அப்புறம் அந்த வாட்ஸ்அப் செய்தி. அந்தப் பெண்ணின் பெயர் என்ஹெடுவான்னா. அக்காத் பேரரசை எழுப்பிய சார்கோனின் மகள், காலம் கி.மு. 2300-ஐ ஒட்டி. இன்றைய ஈராக்கின் தெற்கே இருந்த ஊர் என்ற நகரத்தில் சந்திரக் கடவுள் நன்னாவின் தலைமைப் பூசாரி. ('ஊர்' என்றதும் நம்மில் சிலருக்குக் கை அரிக்கும். அந்தப் பக்கம் நான் வரவில்லை.) 1927-இல் தொல்லியலாளர் லெனார்ட் வூலி அங்கே தோண்டியபோது வெள்ளைக் கல்லில் செதுக்கிய, உடைந்த வட்டு ஒன்று கிடைத்தது. அதில் அடுக்கடுக்கான ஆடையும் விளிம்பு சுருட்டிய தலையணியுமாக அவர் நிற்கிறார், முன்னால் ஓர் ஆண் பூசாரி நீர் வார்க்கிறான். பின்பக்கம் அவருடைய பெயர். எனக்கு அதைவிடப் பிடித்தது வேறு: அவருடைய சிகையலங்காரக்காரரின் முத்திரையும் கிடைத்திருக்கிறது. தலை அலங்கரிப்பவருக்கே பெயர் பொறித்த முத்திரை இருந்ததென்றால் அந்த வீட்டின் வசதியை நீங்களே ஊகித்துக்கொள்ளலாம்.

அவர் பெயரில் வரும் பாடல்களின் பிரதிகள் அவருக்குப் பல நூற்றாண்டு பிந்தியவை, அதனால் அவரே எழுதினாரா என்ற விவாதம் இன்னும் முடியவில்லை. ஆனால் நியமனம் எதற்காக என்பதில் பெரிய குழப்பமில்லை. வடக்கிலிருந்து வந்த அக்காத் மன்னன், தான் பிடித்த தெற்குச் சுமேரிய நகரத்தின் பெரிய கோயிலில் தன் மகளை அமர்த்தினான். இதுவரை நீங்கள் சொன்னதுதான், ராஜாவின் வசதி. இதே பதவியில் பின்னால் வந்த அரசர்களும் மகளையோ சகோதரியையோ வைத்தார்கள். ஏறக்குறைய 1700 வருஷம் கழித்து, கி.மு. 554-இல் வந்த ஒரு சந்திர கிரகணத்தைக் கடவுளின் உத்தரவாக எடுத்துக்கொண்டு பாபிலோனின் நபோனிடஸ், எப்போதோ நின்றுபோயிருந்த அந்தப் பதவியைத் தேடிப்பிடித்துத் தன் மகளுக்குக் கொடுத்தார்.

ஆனால் 'அலங்காரப் பொம்மை' என்று நீங்கள் சொன்னதை என்னால் ஒப்புக்கொள்ள முடியாது. அதற்கு ராஜா மகள்களை விட்டுவிட்டுச் சிப்பார் நகரத்துக்குப் போக வேண்டும்.

கி.மு. 18-ஆம் நூற்றாண்டு, சட்டத் தொகுப்புக்குப் பேர்போன பாபிலோன் மன்னன் ஹம்முராபியின் காலம். சிப்பாரில் சூரியக் கடவுள் ஷமாஷின் கோயிலை ஒட்டி மதில் சூழ்ந்த ஒரு குடியிருப்பு, பெயர் காகும். அதற்குள் வசித்த பெண்களுக்கு நாதித்து என்று பெயர். அந்தச் சொல்லுக்கு நம் மொழியில் அச்சு அசலாக ஒரு வார்த்தை இருக்கிறது: தரிசு. பிள்ளை பெறக் கூடாது என்பது அவர்களுக்கு விதி. வசதியான குடும்பங்கள் ஒரு மகளைச் சீதனத்தோடு அங்கே அனுப்பின. ஏன் அனுப்பின? பக்தி இருந்திருக்கும், இல்லை என்று சொல்ல நான் யார். ஆனால் கல்யாணம் செய்து கொடுத்தால் சீதனம் அவள் பிள்ளைகளோடு வேறு குடும்பத்துக்குப் போய்விடும். காகுமுக்கு அனுப்பினால் அவள் காலத்துக்குப் பின் வயல் அண்ணன் தம்பிகளுக்கே திரும்பி வரும்.

இங்கேதான் ஹம்முராபியின் சட்டங்களில் 178, 179 ஆகிய இரண்டையும் சேர்த்து வாசிக்க வேண்டும். தந்தை மகளுக்குச் சீதனம் கொடுத்து அதற்குக் களிமண் பலகையில் பத்திரமும் எழுதிக் கொடுக்கிறார். ஆனால் 'இவள் விரும்பியவர்களுக்குக் கொடுக்கலாம்' என்ற வாசகத்தை அதில் எழுதவில்லை. தந்தை இறந்ததும் வயலும் தோப்பும் சகோதரர்கள் கைக்குப் போகும், அவர்கள் அவளுக்குப் பங்குக்கு ஏற்றபடி தானியம், எண்ணெய், கம்பளி அளக்க வேண்டும். ஒழுங்காக அளக்கவில்லையா, அவள் தனக்குப் பிடித்த ஆளிடம் வயலைக் குத்தகைக்கு விட்டு வாழலாம். விற்க முடியாது. சரி, தந்தை அந்த வாசகத்தை எழுதியிருந்தால்? அவள் யாருக்கு வேண்டுமானாலும் கொடுக்கலாம், சகோதரர்கள் வாய் திறக்கக் கூடாது. ஈரக் களிமண்ணில் ஒரு வரி, எழுதினால் ஒரு வாழ்க்கை, விட்டுப்போனால் வேறு வாழ்க்கை. சகோதரர்கள் ஒழுங்காக அளக்க மாட்டார்கள் என்பதைச் சட்டமே எதிர்பார்த்து வைத்திருக்கிறது பாருங்கள், அது ஓர் அனுபவஸ்தர் எழுதிய சட்டம்.

அந்தப் பெண்கள் சும்மா இருக்கவில்லை. வயல் வாங்கினார்கள், வீடு வாடகைக்கு விட்டார்கள், வெள்ளி கடன் கொடுத்தார்கள். அவர்களுக்குள் எழுத்தர்களாக இருந்த பெண்களும் உண்டு. பிள்ளை இல்லாத குறைக்கு இளைய நாதித்து ஒருத்தியைத் தத்தெடுத்துச் சொத்தை எழுதி வைத்தார்கள், உறவினர்கள் வழக்குக்குப் போனார்கள். அந்தப் பலகைகள் குவியலாகக் கிடைத்திருக்கின்றன. குடும்பம் தன் சொத்தைக் காக்கத் திறந்த கதவு அது. அதே கதவு வழியாக வெளியே வந்து சொந்தக் கணக்கு ஆரம்பித்துவிட்டார்கள். பொம்மைகள் வழக்காடாது. அதே சமயம் 110-ஆம் சட்டத்தையும் மறைக்கக் கூடாது: காகுமுக்கு வெளியே வாழும் நாதித்து மதுக்கடை திறந்தாலோ பீர் குடிக்க உள்ளே நுழைந்தாலோ எரித்துக் கொல்ல வேண்டும்.

சிப்பாரில் இருந்த ஒரு நாதித்துவின் கடிதங்கள் எனக்கு மறக்காது. எரிஷ்தி-ஆயா, மாரி நாட்டு மன்னன் சிம்ரி-லிம்மின் மகள். தந்தைக்கு எழுதுகிறார்: உங்கள் வீட்டு மற்றப் பெண்களுக்குத் தானியம் போகிறது, துணி போகிறது, நல்ல பீர் போகிறது. உங்களுக்காகப் பிரார்த்தனை செய்கிறவள் நான் ஒருத்தி, எனக்குத்தான் ஒன்றும் வருவதில்லை. ராஜாவின் மகள், கடவுளின் சந்நிதி, படி வந்து சேரவில்லை என்று புலம்பல். கி.மு. 1760 வாக்கில் ஹம்முராபி மாரி அரண்மனையை இடித்துத் தள்ளினார், அந்த இடிபாட்டுக்குள் கிடந்ததால் இந்தக் கடிதங்கள் நமக்கு மிஞ்சின.

கிரேக்கர்களைப் பற்றி நீங்கள் சொன்னது ஏறக்குறையச் சரி, அதனால் நீட்டவில்லை. ஒரு மெதிம்னோஸ் பார்லிக்கு, அதாவது ஒரு மூட்டைக்கு, மேல் மதிப்புள்ள எதையும் ஏதென்ஸ் பெண் தானாகக் கொடுக்கல் வாங்கல் செய்ய முடியாது. நல்ல குடும்பத்துப் பெண்ணின் பெயரை நீதிமன்றத்தில் உச்சரிப்பதே மரியாதைக் குறைவு. அதே நகரம் கி.மு. 5-ஆம் நூற்றாண்டில் அதீனா நைக்கிக்கு, அதாவது வெற்றி தரும் அதீனாவுக்கு, பூசாரி வேண்டும் என்று தீர்மானம் போட்டது. எல்லா ஏதென்ஸ் குடும்பத்துப் பெண்களிலிருந்தும் தேர்வு, வருஷத்துக்கு 50 திராக்மா சம்பளம், பொதுப் பலிகளின் கால்களும் தோலும் அவருக்கு. இதைக் கல்லில் வெட்டினார்கள். குடவோலை மாதிரி குலுக்கலில் வந்தவர் மிர்ரினே என்ற பெண், அவர் பெயர் கல்லறைக் கல்லில் ஊருக்கே தெரிய நிற்கிறது.

ரோமில் விலை இன்னும் அதிகம். அடுப்புத் தீயின் தேவி வெஸ்டாவுக்குச் சேவை செய்த கன்னியர் ஆறு பேர். ஆறிலிருந்து பத்து வயதுக்குள் எடுப்பார்கள், முப்பது வருஷ சேவை. தந்தையின் அதிகாரத்திலிருந்து அன்றே விடுதலை, சொந்தமாக உயில் எழுதலாம். சாதாரண ரோமானியப் பெண்ணுக்கு எளிதில் கிடைக்காத உரிமை. கற்பு தவறினாள் என்று தீர்ப்பானால் உயிரோடு நிலவறையில் இறக்கி மூடுவார்கள். பேரரசர் டொமிஷியன் ஆட்சியில் தலைமைக் கன்னி கொர்னேலியாவுக்கு அது நடந்தது. படியில் இறங்கும்போது அவருடைய ஆடை எதிலோ மாட்டிக்கொண்டது. திரும்பி அதைச் சரி செய்தார். தண்டனையை நிறைவேற்ற வந்தவன் உதவிக்குக் கை நீட்ட, தொடவிடாமல் ஒதுங்கிக்கொண்டார் என்று ரோமானிய எழுத்தாளர் இளைய பிளினி ஒரு கடிதத்தில் எழுதுகிறார்.

எகிப்தைக் கடைசியாக வைத்துக்கொண்டேன், உங்கள் இருவருடைய கணக்கும் அங்கேதான் மொத்தமாக உடைகிறது. பெரிய பிரமிடுகள் எழுந்த பழைய அரசுக் காலத்தில் ஹாத்தோர் தேவிக்கு நிறையப் பெண் பூசாரிகள் இருந்தார்கள். பல நூற்றாண்டு பிந்திய புதிய அரசுக் காலத்தில் கோயில் பதவிகள் முழுநேர ஆண் பூசாரிகளிடம் குவிந்தன, பெண்கள் பெரும்பாலும் கோயில் பாடகிகளாக மிஞ்சினார்கள். கணக்குப்படி வெளியேயும் பெண்ணின் உரிமை சரிந்திருக்க வேண்டும். சரியவில்லை. சாதாரணப் பெண் சொத்து வைத்திருந்தாள், வழக்குத் தொடுத்தாள், உயில் எழுதினாள். ஏதென்ஸ் நேரெதிர்: கோயிலில் பெரிய இடம், கடைத்தெருவில் ஒரு மூட்டை பார்லி.

கி.மு. 1145-ஐ ஒட்டி, அரச கல்லறைகளைக் குடைந்த தொழிலாளர்களின் குடியிருப்பான தெய்ர் எல்-மெதினாவில், நௌநக்தே என்ற மூதாட்டி ஊர் மன்றத்தின் முன் வந்து நின்றார். முதல் கணவர் ஓர் எழுத்தர், அவர் வழியில் வந்த சொத்து நௌநக்தேயிடம் இருந்தது. இரண்டாவது கணவர் தொழிலாளி, அவருக்குப் பெற்ற பிள்ளைகள் எட்டு. நான் பார்வோன் நாட்டின் சுதந்திரப் பெண் என்று ஆரம்பித்தார். எட்டுப் பேரையும் வளர்த்து ஆளாக்கினேன், எனக்கு வயதாகிவிட்டது, சிலர் என்னைக் கவனிக்கவில்லை, என் கையில் கை வைத்து ஆதரித்தவர்களுக்கு என் சொத்து, ஆதரிக்காதவர்களுக்கு இல்லை. தந்தை வழிப் பங்கை மட்டும் அவர்களிடமிருந்து பறிக்கவில்லை. ஒரு மகனுக்குத் தனியாக, மற்றவர்களுக்கு மேலே, ஒரு வெண்கலக் கழுவு பாத்திரம். மன்றத்தார் பெயரோடு எல்லாம் பாப்பிரஸில் பதிவானது. பிற்பாடு கணவரும் பிள்ளைகளும் மறுபடி மன்றத்துக்கு வந்து, அம்மா எழுதியபடியே நடப்போம் என்று சத்தியம் செய்து கொடுத்ததையும் அதிலேயே சேர்த்து எழுதி வைத்திருக்கிறார்கள்.

தோழிக்கு ஃபார்வர்ட் செய்வதென்றால் மேலே உள்ள நௌநக்தே பத்தியை மட்டும் அனுப்புங்கள்.